பாகோ ரபாலைத் தேடி ஐந்து நாள்

முதல் நாள், மாட்ரிட்

தம்பி இரண்டு வருடமாக மாட்ரிட்டில் படிக்கிறான். போனில் பேசும்போதெல்லாம் "வாண்ணே, வாண்ணே" என்று கூப்பிடுவான். இந்தப் பிப்ரவரியில்தான் எனக்கு லீவு வாய்த்தது. வந்து இறங்கியதும் அவன் போட்டு வைத்திருந்த திட்டத்தைக் காட்டினான். பிராடோ அருங்காட்சியகம், பெர்னபேயு ஸ்டேடியம், பார்சிலோனாவுக்கு ரயில். நான் பையிலிருந்து ஒரு தாளை எடுத்து நீட்டினேன். அதில் எழுதியிருந்த ஊர்களில் பாதியை அவன் கேள்விப்பட்டதே இல்லை.

"யாருண்ணே இந்தப் பாகோ ரபால்?"

நடிகர். முழுப்பெயர் பிரான்சிஸ்கோ ரபால். பிரான்சிஸ்கோ என்ற பெயரைச் சுருக்கி 'பாகோ' என்பது ஸ்பெயின் வழக்கம். நாடே அவரை அப்படித்தான் கூப்பிட்டது. 1926 மார்ச் 8 அன்று தென்கிழக்கில் முர்சியா மாகாணத்துச் சுரங்கக் குக்கிராமம் ஒன்றில் பிறந்தார். அரை நூற்றாண்டுக்கும் மேல் நடித்தார். புனுவெல், அந்தோனியோனி, விஸ்கோன்தி, சவுரா, அல்மொதோவார் என்று பேர்பெற்ற இயக்குநர்கள் எல்லோருடைய படத்திலும் இருக்கிறார்.

நான் அவரை முதலில் பார்த்தது ஒரு பிலிம் சொசைட்டி திரையிடலில். 'லாஸ் சாந்தோஸ் இனோசெந்தெஸ்' என்ற படம். அப்பாவிப் புனிதர்கள் என்று சொல்லலாம். அதில் கந்தலும் அழுக்குமாக, புத்தி வளராத ஒரு கிழவர் வருவார். இவர் நடிகரே இல்லை, படம் எடுத்த ஊரில் கிடைத்த ஆளைப் பிடித்து நிறுத்திவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன். சில மாதம் கழித்துப் புனுவெலின் 'விரிதியானா' பார்த்தேன். அதில் கோட்டும் மிடுக்குமாக ஒரு அழகன். டைட்டிலில் அதே பெயர். நம்ப முடியவில்லை. அந்த அழகன் எப்படி இந்தக் கிழவர் ஆனார் என்ற கேள்வி அப்போது பிடித்தது, இன்னும் விடவில்லை. சரி, ஊரையாவது பார்த்துவிட்டு வரலாம் என்று கிளம்பிவிட்டேன்.

சாயங்காலம் பிரின்சிபே தெருவுக்கு நடந்தோம். அங்கே கொமேதியா நாடக அரங்கம் இருக்கிறது. இரண்டு பக்கமும் கடைகள் நெருக்க, குறுகிய முகப்பு. தெரியாதவர்கள் பேசாமல் கடந்து போய்விடுவார்கள். 1952 ஜனவரியில் ஆர்தர் மில்லரின் 'ஒரு விற்பனையாளரின் மரணம்' நாடகத்தை ஹோசே தமாயோ இங்கேதான் மேடையேற்றினார். அப்பா வில்லி லோமனாகக் கார்லோஸ் லெமோஸ், மூத்த மகன் பிஃப்பாக ரபால். அந்த நாடகத்தோடு மாட்ரிட் அவரைத் திரும்பிப் பார்த்தது.

இதே அரங்கத்துக்கு இன்னொரு கதையும் உண்டு. 1933 அக்டோபர் 29 அன்று ஹோசே அந்தோனியோ பிரிமோ தெ ரிவேரா இதே மேடையில் நின்று பேசிய பேச்சோடுதான் ஃபலாங்கே என்ற பாசிசக் கட்சி தொடங்கியது. பிறகு சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சிக்குக் கொடி பிடித்த கட்சி. ரபால் கடைசிவரை இடதுசாரி. இரண்டு பேரும் நின்றது ஒரே பலகை மேல். நான் இதைச் சொன்னபோது தம்பி முதல் முறையாகக் கட்டடத்தை நிமிர்ந்து பார்த்தான்.

இப்போது அது தேசியச் செவ்வியல் நாடகக் குழுவின் இல்லம். டிக்கெட் கிடைத்தது, உள்ளே போனோம். 17-ஆம் நூற்றாண்டு நாடகம், முழுக்க செய்யுள். எனக்குப் பத்தில் ஒரு வரி புரிந்திருந்தால் அதிகம். ஆனாலும் அந்த நடிகர்கள் அடி முடியும் இடத்தில் மூச்சு வாங்கும் விதத்தைக் கேட்டுக்கொண்டே இருக்கலாம் போல இருந்தது. ரபால் பாடம் படித்ததும் இந்த மாதிரி இடத்தில்தான். லோப்பே தெ வேகா, மரியா கெர்ரேரோ என்ற பெயர் கொண்ட குழுக்களில் அந்தக் காலத்து நடிகர்களுக்குத் தினம் இரண்டு காட்சி. மாலையில் ஒன்று, இரவில் ஒன்று, வாரம் முழுக்க. 1975 பிப்ரவரியில் ஸ்பெயின் நடிகர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கியதற்கு இந்தப் பாடு பட்ட வயிற்றெரிச்சலும் ஒரு காரணம். பிராங்கோ உயிரோடு இருந்த காலத்தில் வேலைநிறுத்தம் செய்வது சும்மா இல்லை, கைதுகளும் நடந்தன.

அசுன்சியோன் பலகேர் என்ற நடிகையை ரபால் சந்தித்ததும் நாடகக் குழுவில்தான். கல்யாணம் செய்துகொண்டார்கள். சாகும்வரை பிரியவில்லை. ரபால் அப்படியொன்றும் அடக்க ஒடுக்கமான புருஷன் கிடையாது என்பது ஸ்பெயின் பத்திரிகைகள் அறிந்த விஷயம். அந்த அம்மாள் அதையெல்லாம் தாண்டித்தான் வாழ்ந்தார், அவருக்குப் பிறகும் 18 வருடம் இருந்தார், எண்பது வயதுக்கு மேலும் மேடையேறினார். உண்மையில் அவரைப் பற்றித் தனியாக ஒரு பயணம் போக வேண்டும்.

இரண்டாம் நாள், சமர்த்தின், அல்பெத்ரெதே, ஒரு தலையில்லாத கல்லறை

காலையில் மெட்ரோ ஏறி சமர்த்தின் பக்கம் போனோம். பார்க்க ஒன்றுமில்லை என்று தெரிந்தே போனேன். அங்கே பழைய சினிமா ஸ்டுடியோ ஒன்று இருந்தது. ரபால் குடும்பம் பிழைப்புக்காக மாட்ரிட் வந்த பிறகு, பையன் தெருவில் சாமான் விற்றான், சாக்லேட் தொழிற்சாலையில் வேலை பார்த்தான். 13 வயதில் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு இந்த ஸ்டுடியோவில் எலக்ட்ரீஷியனாகச் சேர்ந்தான். நம்மூர் பாஷையில் லைட் பாய். பிறர் முகத்தில் வெளிச்சம் விழ, கம்பி இழுத்துக்கொண்டு மேலே பலகையில் உட்கார்ந்திருக்கிற வேலை. கூட்டத்துக்கு ஆள் தேவைப்பட்டால் கீழே இறங்கி நிற்கலாம். அப்படி நின்று நின்றுதான் சினிமாவுக்குள் வந்தார். நாடகத்தில் முயன்று பார் என்று அவருக்குச் சொன்னவர்களில் கவிஞர் தமாசோ அலோன்சோவும் ஒருவர்.

அந்த ஸ்டுடியோ பிறகு கை மாறி, பெயர் மாறி, கடைசியில் அரசுத் தொலைக்காட்சியின் கைக்கு வந்தது. அவர்கள் வைத்த பெயர் என்ன தெரியுமா? 'புனுவெல் ஸ்டுடியோ'. ரபாலை உலகத்துக்குக் காட்டிய இயக்குநரின் பெயர். இருவருக்கும் உறவில்லை, ஆனால் ரபால் அவரை மாமா என்றும், அவர் ரபாலை மருமகனே என்றும் அழைத்துக்கொண்டார்கள். மருமகன் வயர் இழுத்த கட்டடத்துக்கு மாமன் பெயர். அதையும் இடித்துவிட்டார்கள். அந்தத் தெருவில் கொஞ்ச நேரம் நின்றோம், குளிர் தாங்கவில்லை, ஒரு கடையில் எண்ணெயில் பொரித்த சுர்ரோவும் குடிக்கிற சாக்லேட்டும் வாங்கினோம். ஸ்பூனை நட்டால் நிற்கிற அளவுக்குக் கெட்டி. "இதுக்குத்தான் தொழிற்சாலையை விட்டு ஓடியிருப்பாரு" என்றான் தம்பி.

அங்கிருந்து புறநகர் ரயிலில் அல்பெத்ரெதே. குவாதர்ராமா மலையடிவாரத்தில் கருங்கல் உடைத்துப் பிழைத்த ஊர். ரபாலும் அசுன்சியோனும் இங்கே வருடக்கணக்கில் வாழ்ந்தார்கள். ஊரில் அவர் பெயரில் ஒரு சதுக்கம், அவர் மனைவி பெயரில் பண்பாட்டு மையம். 2024 கோடையில் நகராட்சி இரண்டு பெயரையும் எடுத்துவிட முனைந்தது. சினிமாக்காரர்களும் ஊர்க்காரர்களும் கொதித்துப் போனார்கள், பிறகு நகராட்சி பின்வாங்கியது. செத்து 23 வருடம் ஆன ஒரு நடிகரின் பெயரைக் கண்டு பயப்படுகிறார்கள் என்றால் அவர் நன்றாகத்தான் வாழ்ந்திருக்கிறார்.

ரயிலில் தம்பிக்கு ஒரு கதை சொன்னேன், அதற்குப் பிறகுதான் அவனுக்கு இந்த மனிதர் மேல் ஒரு இது வந்தது. அமெரிக்க இயக்குநர் வில்லியம் ஃபிரீட்கின் 'தி ஃபிரெஞ்ச் கனெக்‌ஷன்' எடுக்கும்போது வில்லன் வேடத்துக்கு, 'பெல் தெ ஜூர்' படத்தில் வந்தாரே அந்த ஸ்பெயின்காரர், அவரைப் பிடியுங்கள் என்றார். பெயர் ஞாபகமில்லை. நடிகர் தேர்வு செய்கிறவர் புனுவெல் படத்தில் வரும் ஸ்பெயின்காரர் என்று ஃபெர்னாந்தோ ரேயை ஒப்பந்தம் செய்துவிட்டார். ஃபிரீட்கின் விமான நிலையத்துக்குப் போய்ப் பார்த்தால், குறுந்தாடியும் கனவான் தோரணையுமாக வேறொரு ஆள் வந்து இறங்குகிறார். அவர் கேட்டது ரபாலை. விசாரித்தால் ரபாலுக்கு ஆங்கிலமும் வராது. சரி, வந்தவரே நடிக்கட்டும் என்று விட்டார்கள். அந்தக் கனவான் வில்லன் உலகப் புகழ் பெற்றார். ஃபிரீட்கின் கடனை மறக்கவில்லை. 1977-இல் 'சாசரர்' படத்தில் ரபாலை அழைத்து, வெடிமருந்து லாரியில் ஏற்றிக் காட்டுக்குள் அனுப்பினார்.

இதில் வேடிக்கை, 'விரிதியானா'வில் ஃபெர்னாந்தோ ரேயும் ரபாலும் அப்பாவும் பிள்ளையும்.

"பாவம்ண்ணே, சான்ஸ் போச்சே" என்றான் தம்பி. எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஹாலிவுட்டில் நிலைத்திருந்தால் அவர் ஆயுசுக்கும் கோட்டு போட்ட கடத்தல்காரராகவே இருந்திருப்பார்.

மாலை மாட்ரிட் திரும்பி, ஆற்றோரம் சான் அந்தோனியோ தெ லா ஃப்ளோரிதா என்ற சின்னக் கோயிலுக்குப் போனோம். கூரை முழுக்க ஸ்பெயின் ஓவியர் கோயா 1798-இல் தீட்டிய ஓவியம். செத்தவனை எழுப்பிச் சாட்சி சொல்ல வைக்கும் புனித அந்தோனியாரின் அற்புதம். அதைச் சுற்றி நிற்கிற ஜனங்கள் எல்லோரும் மாட்ரிட் தெருவில் அன்று திரிந்த சாதாரண ஆட்கள், கைப்பிடிக் கம்பியில் ஏறி விளையாடும் பிள்ளைகள் உட்பட. கீழே தரையில் கோயாவின் கல்லறை. அவர் 1828-இல் பிரான்சில் போர்தோ நகரத்தில் இறந்தார். பிற்பாடு தோண்டி எடுத்தபோது உடம்பு இருந்தது, தலையைக் காணோம். தலையில்லாமலே இங்கே கொண்டுவந்து வைத்தார்கள்.

ரபால் கோயாவாக இரண்டு படத்தில் நடித்தார். முதலில் 1971-இல். அப்புறம் 1999-இல் கார்லோஸ் சவுராவின் 'கோயா என் புர்தேயோஸ்', அதாவது போர்தோவில் கோயா. காது கேளாத, நாடு விட்டுப் போன கிழவர். அந்த வேடத்துக்கு அவருக்கு ஸ்பெயினின் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. அந்த விருதுக்குப் பெயரும் கோயா, கையில் கொடுப்பது கோயாவின் தலைச் சிலை. தொலைந்த தலை வேறொரு வழியாகக் கிடைத்தது என்று வைத்துக்கொள்ளலாம். இந்தக் கதை இன்னும் முடியவில்லை, கடைசி நாளில் சொல்கிறேன்.

மூன்றாம் நாள், அல்புர்கெர்கே

வாடகைக் கார். காலை ஏழுக்குக் கிளம்பினோம். தலவேரா, துருஹியோ, மெரிதா என்று நெடுஞ்சாலை தென்மேற்காக ஓடுகிறது. எக்ஸ்ட்ரெமதுரா மாநிலத்துக்குள் நுழைந்ததும் நிலம் மாறிவிட்டது. புல்வெளி, அதில் எண்ணி வைத்த மாதிரி இடைவெளி விட்டு நிற்கும் கருவாலி மரங்கள், எங்கோ ஒரு வெள்ளை வீடு. இந்த மாதிரி நிலத்துக்கு 'தெஹேசா' என்று பெயர். மரத்திலிருந்து விழும் கொட்டையைத் தின்றுதான் இங்கத்திய கறுப்புப் பன்றிகள் கொழுக்கின்றன. அந்தப் பன்றித் தொடைக்கறிதான் உலகம் முழுக்க விலைபோகும் ஹாமோன்.

போர்ச்சுகல் எல்லை பக்கத்தில் அல்புர்கெர்கே. குன்று உச்சியில் கோட்டை, ஊர் முழுக்க வெள்ளைச் சுவர். 1984-இல் வெளிவந்த 'லாஸ் சாந்தோஸ் இனோசெந்தெஸ்' படத்தை மாரியோ காமுஸ் எடுத்தது இந்த வட்டாரத்தில்தான். கதை மிகேல் தெலிபெஸ் எழுதிய நாவல்.

கோட்டையைப் பார்த்துவிட்டு ஊருக்கு வெளியே மண்பாதை பக்கம் ஒரு சுற்று போனோம். அங்கேதான் டயர் போயிற்று. டிக்கியைத் திறந்தால் ஸ்டெப்னி இல்லை. அதற்குப் பதிலாக நுரை அடைத்த ஒரு டப்பா, அதுவும் காலி. யாரோ முன்னால் வாடகைக்கு எடுத்தவர் அடித்துத் தீர்த்துவிட்டு அப்படியே வைத்திருக்கிறார், கம்பெனிக்காரன் பார்க்கவே இல்லை. போனில் கேட்டால் இழுவை வண்டி வர இரண்டு மணி நேரம் ஆகும் என்றார்கள். தம்பி தெரிந்த ஸ்பானிஷ் கெட்ட வார்த்தைகளை எல்லாம் வரிசையாகச் சொல்லிவிட்டு மரத்தடியில் உட்கார்ந்தான். கம்பி வேலிக்கு அந்தப் பக்கம் பன்றிகள் கொட்டையை நொறுக்கும் சத்தம் மட்டும் கேட்டது. இதைவிட நல்ல இடம் கிடைக்காது என்று அவனுக்குப் படத்தின் கதையைச் சொல்ல ஆரம்பித்தேன்.

1960-கள். இந்த மாதிரி ஒரு பண்ணை. பண்ணையார் அம்மாள் நகரத்தில் இருப்பார், வேட்டைக் காலத்தில் மகன் இவான் வருவான். குடிசையில் பாகோ (ரபால் இல்லை, கதையில் வரும் வேலைக்காரனுக்கும் அதே பெயர்), அவன் மனைவி ரேகுலா, பிள்ளைகள். அதில் ஒரு பெண் பிள்ளைக்குப் பேச்சும் நடையும் இல்லை, அவ்வப்போது அலறுவாள், அவ்வளவுதான். பாகோவுக்கு ஒரு தனித் திறமை. சுட்டு வீழ்த்திய பறவை எங்கே விழுந்தது என்று நாய் போலத் தரையை முகர்ந்து கண்டுபிடித்துவிடுவான். எஜமானன் அதை விருந்தாளிகளிடம் காட்டிப் பெருமைப்படுவான். ஒரு காட்சியில் வெளிநாட்டு விருந்தாளிக்கு முன்னால் வேலைக்காரர்களைக் கூப்பிட்டு ஒவ்வொருவராகக் கையெழுத்துப் போட வைப்பான். பாருங்கள், எங்கள் ஆட்களுக்கு எழுத்து தெரியும் என்று. அவர்கள் நாக்கைக் கடித்துக்கொண்டு பெயரை வரைவதைப் பார்க்கையில் நமக்குத்தான் கூசும்.

ரேகுலாவின் அண்ணன் அசாரியாஸ். அதுதான் ரபால். வேறொரு பண்ணையில் ஆயுள் முழுக்க உழைத்தவரைக் கிழவராகிவிட்டார் என்று துரத்திவிட்டார்கள், தங்கை வீட்டுக்கு வந்து சேர்கிறார். தோல் வெடிக்கக் கூடாது என்று கையில் மூத்திரம் பெய்துகொள்வார். எண்ணத் தெரியும் என்று காட்ட ஒன்று, இரண்டு என்று ஆரம்பித்து, பதினொன்று வந்ததும் அடுத்து நாற்பத்து மூன்று, நாற்பத்து நான்கு என்று போவார். ஒரு பறவையை வளர்க்கிறார். அதை 'மிலானா' என்பார், பருந்து என்று அர்த்தம். உண்மையில் அது காக்கை ஜாதி. வானத்தைப் பார்த்து "மிலானா போனிதா" என்று கூப்பிட்டால், அது எங்கிருந்தோ வந்து தோளில் உட்காரும். என் அழகுக் குருவி என்கிற மாதிரி.

பாகோவுக்குக் கால் முறிந்துபோகிறது. இவானுக்கு வேட்டைக்கு ஆள் இல்லை, அசாரியாஸைக் கூட்டிக்கொண்டு போகிறான். அன்று ஒரு பறவையும் சிக்கவில்லை. எரிச்சலில், தலைக்கு மேல் வந்த மிலானாவைச் சுட்டு விடுகிறான். அசாரியாஸ் சுடாதே என்று கெஞ்சியது அவன் காதில் ஏறவே இல்லை. விளையாட்டுக்குச் சுட்டேன், வேறு ஒன்று வாங்கித் தருகிறேன் என்கிறான். மறுபடி வேட்டைக்குப் போகும்போது அசாரியாஸ் மற்றப் புறாக்களை இழுக்க ஒரு புறாவைக் கட்டுவதற்கென்று மரத்தில் ஏறுகிறார், கையில் கயிறு. கீழே இவான்.

தம்பி சற்று நேரம் பேசவில்லை. பிறகு, "இந்த மாதிரி மரமாண்ணே?" என்று மேலே பார்த்தான்.

பாகோவாக நடித்தவர் அல்ஃப்ரெதோ லாந்தா. அதுவரை பெண்களைத் துரத்தும் அசட்டுக் காமெடி வேடங்களில் வந்தவர், அந்த வகைப் படங்களுக்கே 'லாந்திஸ்மோ' என்று பெயர் வைக்கும் அளவுக்கு. கான் திரைப்பட விழாவில் அந்த வருடம் சிறந்த நடிகர் விருதை இரண்டு பேருக்கும் பகிர்ந்து கொடுத்தார்கள். லாந்தா நடித்தது அற்புதம். ஆனால் அதில் ஒரு நடிகர் தெரிகிறார். ரபாலிடம் அது தெரியவில்லை. ஏன் என்று எனக்கு ஒரு எண்ணம் உண்டு. அவர் அசாரியாஸை நாவலிலிருந்து மட்டும் எடுக்கவில்லை. எழுத்து தெரியாத, எஜமானன் வரும்போது தொப்பியைக் கழற்றி நிற்கிற ஆட்கள் அவர் பிறந்த மலையிலும் இருந்திருப்பார்கள். 58 வயதில் ஊர் திரும்பின மாதிரி அந்த வேடத்துக்குள் போயிருக்கிறார்.

இழுவை வண்டி மூன்று மணி நேரம் கழித்து வந்தது. டிரைவர் அறுபதைத் தாண்டியவர். எதற்கு இங்கே வந்தீர்கள் என்று கேட்டார். தம்பி முந்திக்கொண்டு "மிலானா போனிதா" என்றான். அவர் சத்தமாகச் சிரித்து, ஸ்டியரிங்கை விட்டுவிட்டுக் கையில் மூத்திரம் பெய்வது போல நடித்துக் காட்டினார்.

நான்காம் நாள், சாலையில்

ரபாலின் ஊருக்கு 700 கிலோமீட்டருக்கு மேல். புதுக் கார் வாங்கவே பத்து மணி ஆகிவிட்டது. சண்டை போட்டு ஒரு நாள் வாடகையைக் கழித்துக்கொண்டோம், அதற்கு மேல் அந்தக் கம்பெனியைப் பற்றி எழுதினால் எனக்கு ரத்த அழுத்தம் ஏறும்.

பாதி வழி தம்பியோடு வாக்குவாதம். நேற்று இரவு அவன் 'விரிதியானா'வைப் போனில் பார்த்துவிட்டான். இந்த ரபால்தான் பெஸ்ட் என்கிறான். நான் இல்லை என்றேன்.

அந்தப் படத்தின் கதையே தனி. மெக்சிகோவில் இருந்த புனுவெல் பல வருடத்துக்குப் பிறகு ஸ்பெயின் திரும்பி எடுத்த படம். கன்னியாஸ்திரீ ஆகப்போகும் விரிதியானா, அவளை அடைய நினைத்துத் தூக்குப் போட்டுக்கொள்ளும் மாமா, சொத்துக்கு வந்து சேரும் மாமாவின் மகன் ஹோர்ஹே. அதுதான் ரபால். கடைசியில் அவள் ஹோர்ஹேயின் அறைக் கதவைத் தட்டி உள்ளே போவதாக இருந்தது. தணிக்கை ஒப்புக்கொள்ளவில்லை. சரி என்று புனுவெல் மாற்றினார். உள்ளே ஏற்கெனவே வேலைக்காரி இருப்பாள், மூன்று பேரும் உட்கார்ந்து சீட்டு ஆடுவார்கள். ஜோடியைத் தடுத்து மூவராக்கிவிட்டதைத் தணிக்கைக்காரர்கள் கவனிக்கவில்லை. 1961-இல் கான் விழாவின் முதல் பரிசு. அதை மேடையேறி வாங்கிய ஸ்பெயின் சினிமா இயக்குநரகத்தின் தலைவருக்கு வேலை போனது, வாடிகன் பத்திரிகை கண்டித்ததும் படத்துக்கு ஸ்பெயினில் தடை. பிராங்கோ செத்த பிறகு 1977-இல்தான் சொந்த நாட்டில் வெளிவந்தது.

ரபால் அந்தச் சீட்டைக் கலைக்கும் விதம் பிரமாதம், மறுக்கவில்லை. முன்பே மெக்சிகோவில் எடுத்த 'நசரீன்' படத்தில் ஏசுவைப் போல வாழ முயன்று தோற்கும் பாதிரியாராகவும் நன்றாகவே செய்தார். ஆனால் அந்த வயதில் அவருடைய அழகு குறுக்கே வருகிறது. கேமரா முகத்தோடு நின்றுவிடுகிறது. அந்தோனியோனியின் 'லெக்லிஸ்ஸே' ஆரம்பத்தில் காதலி விட்டுப் போகிற ஆளாக வருவார். விடிய விடிய பேசித் தீர்ந்த அறை, ஓடும் மின்விசிறி, அசையாமல் உட்கார்ந்திருக்கிற இவர். நன்றாக இருக்கிறது, அழகான நாற்காலி மாதிரி.

முகம் சுருங்கி, குரல் கரகரத்த பிறகுதான் ஆள் வெளியே வந்தார். 1989-இல் 'ஹுன்கால்' என்ற டிவி தொடரில் பவிசு போன காளைச் சண்டை வீரனாக நடித்து வீட்டுக்கு வீடு பிரியமானார். அல்மொதோவாரின் 'ஆத்தமே'வில் சக்கர நாற்காலியில் இருக்கிற வயதான சினிமா இயக்குநர். எல்லாவற்றிலும் மண் சரிகிற மாதிரி ஒரு குரல்.

"நீங்க கிழவர்களுக்கு வக்காலத்து வாங்குறீங்க" என்றான் தம்பி. எனக்கு 47 வயது. பதில் சொல்லவில்லை. கிரனாடாவில் தங்கினோம். அல்ஹாம்ப்ரா அரண்மனைக்கு டிக்கெட் முன்கூட்டியே வாங்கவில்லை, வெளிச்சுவரைப் பார்த்துவிட்டுத் தூங்கப் போனோம்.

ஐந்தாம் நாள், ஆகிலாஸ், குவெஸ்தா தெ கோஸ்

மலையிலிருந்து இறங்க இறங்கக் குளிர் விட்டுப்போய், காரின் கண்ணாடியை இறக்கினோம். ஆகிலாஸ் மத்தியதரைக் கடலோரம். பாறை மேல் ஒரு பழைய கோட்டை, கீழே மீன்பிடித் துறை. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஆங்கிலேயக் கம்பெனி ஒன்று மலைக்குள்ளிருந்து இரும்புத் தாது கொண்டுவர ரயில் போட்டது. தாதுவைக் கப்பலில் கொட்டக் கடலுக்குள் நீண்ட இரும்புப் பாலம் ஓர்னீயோ விரிகுடாவில் இன்னும் துருப்பிடித்து நிற்கிறது. அதைப் பார்த்தபோது ரபாலின் அப்பா சுரங்கத் தொழிலாளி என்பது நினைவுக்கு வந்தது.

ஊர் திருவிழாக் கோலத்தில் இருந்தது. இங்கத்திய கார்னிவல் பேர்போனது. முட்டை ஓட்டுக்குள் வண்ணக் காகிதத் துணுக்கை அடைத்து, வருகிறவர் தலையில் உடைக்கிறார்கள். ஒரு சிறுமி தம்பி தலையில் ஒன்றை உடைத்துவிட்டு ஓடிப்போனாள். அவன் அதைத் தட்டிவிடாமல் நாள் முழுக்க அப்படியே திரிந்தான். நகரின் பண்பாட்டு இல்லத்துக்குப் பிரான்சிஸ்கோ ரபால் பெயர் வைத்திருக்கிறார்கள். அவர் வீடு வைத்திருந்த கலபர்தினா பக்கத்தில் இருக்கிற கடற்கரைக் குடியிருப்பு. பேர் வந்த பிறகு எங்கே வேண்டுமானாலும் வீடு வாங்கியிருக்கலாம், இங்கே வந்து வாங்கினார்.

மதியம் வெயில் தாழ்ந்ததும், ரபால் பிறந்த குவெஸ்தா தெ கோஸ் ஏறினோம். வளைந்து வளைந்து போகும் சின்னச் சாலை. மலை முழுக்க கோரை மாதிரி ஒரு புல், எஸ்பார்தோ. அதில் கயிறும் செருப்பும் பின்னுவார்களாம். நடுநடுவே மூடிக்கிடக்கும் சுரங்கங்களின் கல் குவியல். ஊர் என்று சொன்னால் ஊர் கோபித்துக்கொள்ளும், சில வீடுகள்தான். 1926-இல் இங்கே பிறந்த ஒரு பிள்ளைக்குச் சுரங்கத்துக்குள் இறங்குவதைத் தவிர வேறு என்ன வழி இருந்திருக்கும் என்று யோசித்துப் பார்த்தேன். பிழைக்கப் போன இடத்தில் விளக்குப் பிடிக்கிற வேலை கிடைத்தது.

சொல்கிறேன் என்று வைத்திருந்த மிச்சத்தைத் தம்பிக்கு இங்கேதான் சொன்னேன். 2001 ஆகஸ்டில் மாண்ட்ரியல் திரைப்பட விழாவில் கௌரவம் பெற்றுவிட்டு லண்டன் வழியாக மாட்ரிட் திரும்பிக்கொண்டிருந்தார். ஆகஸ்ட் 29. விமானத்தில் மூச்சுத் திணறல். நுரையீரல் பல வருடமாகவே சரியில்லை. அவசரமாக விமானத்தைத் திருப்பிப் பக்கத்து நகரத்தில் இறக்கினார்கள். அதற்குள் உயிர் போய்விட்டது. அந்த நகரம் போர்தோ.

"கோயா செத்த ஊரா?"

அதே ஊர்தான். இரண்டு வருடத்துக்கு முன் அங்கே சாகிற கோயாவாக நடித்தவர். ஒரு மாதத்தில் சான் செபஸ்தியான் விழாவில் வாங்க வேண்டிய வாழ்நாள் விருதை, அவர் இல்லாமல்தான் கொடுத்தார்கள். அஸ்தியை இந்த மலைக்குக் கொண்டுவந்து ஒரு பாதாம் மரத்தடியில் வைத்தார்கள்.

பிப்ரவரி பாதாம் பூக்கும் மாதம். இலையே இல்லாமல் கிளை முழுக்க வெள்ளையும் இளஞ்சிவப்புமாகப் பூ. தேனீச் சத்தம். கீழே தூரத்தில் கடல் ஒரு கோடாகத் தெரிந்தது. போன வருடத்துக் காய் சில இன்னும் காய்ந்து, தரையில் உதிர்ந்து கிடந்தன. தம்பி வழியோரத்து மரத்தடியில் குனிந்து இரண்டு மூன்று பொறுக்கி, கல்லில் வைத்து உடைத்து, எனக்கு ஒன்று கொடுத்து, தான் ஒன்று வாயில் போட்டுக்கொண்டான்.

"கசக்குதுண்ணே" என்று துப்பினான். என்னுடையது கசக்கவில்லை. இன்னொன்று எடுத்து உடைத்தான்.